தினக்கூலி அரசுப் பணியாளர் நியாயமான ஊதியம் கோருவது எப்படி? குமரி மாவட்டப் பணியாளர்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

கன்னியாகுமரி மாவட்டத்தில் அரசு வேலைக்குத் தினக்கூலியாகப் போகிறவர்கள் ஒரே வகையினர் அல்லர். நாகர்கோவில் மாநகராட்சியிலும், குளச்சல், குழித்துறை, பத்மநாபபுரம், கொல்லங்கோடு நகராட்சிகளிலும், பேரூராட்சிகளிலும் தூய்மைப் பணி செய்வோர் இருக்கிறார்கள். நீர்வளத்துறையில் கால்வாயையும் மடைகளையும் பார்த்துக்கொள்ளும் தற்காலிக ஆட்கள், நெடுஞ்சாலையில் மஸ்டர் ரோலில் (நாள்கூலி வருகைப் பதிவேட்டில்) கையெழுத்திட்டு வேலை செய்வோர், வனத்துறைக்கும் தோட்டக்கலைப் பண்ணைகளுக்கும் நாள்கூலிக்குப் போவோர், அரசு மருத்துவமனைகளில் ஏஜென்சி வழியாக வேலை பார்ப்போர் என்று பட்டியல் நீளும். இவர்கள் எல்லோரிடமும் ஒரே குறை இருப்பதுபோல் தோன்றினாலும், சட்டத்தின் பார்வையில் அவை மூன்று வெவ்வேறு குறைகள். குறைந்தபட்ச ஊதியத்துக்கும் கீழே கொடுக்கப்படுகிறது என்பது ஒன்று. நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைச் செய்தும் அவருடைய அடிப்படை ஊதியம்கூடக் கிடைக்கவில்லை என்பது இரண்டாவது. இத்தனை ஆண்டுகள் உழைத்தும் பணி நிரந்தரம் ஆகவில்லை என்பது மூன்றாவது.

தோற்றுப்போகும் மனுக்களில் பெரும்பாலானவை இந்த மூன்றையும் ஒரே தாளில் கலந்து எழுதியவை. “எங்களுக்கு ஊதிய உயர்வும் நிரந்தரமும் வழங்க வேண்டும்” என்று எழுதியதும், அதைப் படிக்கும் அலுவலர் நிரந்தரம் என்ற சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டு, “விதிகளில் இடமில்லை” என்று ஒரே வரியில் முடித்துவிடுவார். ஊதியக் கோரிக்கை வலுவானதாக இருந்தாலும் அதோடு சேர்ந்து அதுவும் புதைந்துவிடும். ஆகவே இந்த வழிகாட்டி முழுவதும் ஊதியத்தைப் பற்றியே பேசும். நிரந்தரம் பற்றி ஓரிடத்தில் மட்டும் சொல்லி நகர்ந்துவிடும்.

உங்கள் முதலாளி யார் என்பதை முதலில் முடிவு செய்யுங்கள்

இதைத் தவறவிட்டால் பின்னால் வரும் எல்லாமே தவறான மேசைக்குப் போய்ச் சேரும். மாநில அரசுத் துறையா, உள்ளாட்சி அமைப்பா, மாநில அரசு நிறுவனமா, மத்திய அரசா, அல்லது இவற்றில் ஒன்றுக்கு ஆள் அனுப்பும் ஒப்பந்ததாரரா என்று பாருங்கள். ரப்பர் தோட்டங்களில் வேலை செய்வோருக்கு முதலாளி வனத்துறை அன்று. நாகர்கோவிலைத் தலைமையிடமாகக் கொண்ட அரசு ரப்பர் கழகமே முதலாளி. அது அரசு நிறுவனம் என்பதால் அங்கே தோட்டத் தொழிலாளர் சட்டங்களும் தொழிற்சங்க ஒப்பந்தங்களும் முன்னே வந்து நிற்கும். அஞ்சல் துறை, இரயில்வே, மணவாளக்குறிச்சி மணல் ஆலை ஆகியவை மத்திய அரசைச் சேர்ந்தவை. அவற்றின் குறைந்தபட்ச ஊதியத்தை மத்திய அரசு அறிவிக்கிறது. அகவிலைப்படி ஆண்டுக்கு இருமுறை, ஏப்ரல் 1 அன்றும் அக்டோபர் 1 அன்றும் மாறுகிறது. புகாரும் மத்திய தொழிலாளர் ஆணையர் அமைப்பிடம் போக வேண்டும். மாவட்டத் தொழிலாளர் அலுவலகத்தில் கொடுத்தால் “எங்கள் வரம்புக்குள் வராது” என்று திரும்பி வரும், அதற்குள் சில மாதங்கள் போயிருக்கும்.

ஏஜென்சி வழியாக வேலை செய்வோர் பலருக்குத் தம்மை வேலைக்கு எடுத்த நிறுவனத்தின் பெயர்கூடச் சரியாகத் தெரிவதில்லை. வங்கிக் கணக்கு விவரத்தில் சம்பளம் யார் பெயரிலிருந்து வரவு வைக்கப்பட்டிருக்கிறது என்று பாருங்கள். வருங்கால வைப்பு நிதிக் கணக்கில் நிறுவனத்தின் பெயர் பதிவாகியிருக்கும். ஒப்பந்ததாரர் உரிய ஊதியத்தைத் தராவிட்டால் அதைத் தரும் பொறுப்பு முதன்மை வேலையளிப்பவரை, அதாவது உங்களிடம் வேலை வாங்கும் அலுவலகத்தை, சேரும் என்பது 1970ஆம் ஆண்டு ஒப்பந்தத் தொழிலாளர் சட்டத்திலிருந்தே இருந்துவரும் நெறி. எனவே மனுவில் இருவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும், ஒருவரை மட்டும் சேர்ப்பது போதாது.

எந்த விகிதம் உங்களுக்குப் பொருந்தும்?

இங்கேதான் கொஞ்சம் பொறுமையாக உட்கார வேண்டும். தமிழ்நாட்டில் தினக்கூலிக்கு மூன்று வெவ்வேறு விகிதங்கள் புழக்கத்தில் இருக்கின்றன, அவை ஒன்றோடொன்று பொருந்துவதில்லை.

முதலாவது, தொழிலாளர் துறை அரசாணை மூலம் அறிவிக்கும் குறைந்தபட்ச ஊதியம். உள்ளாட்சி அமைப்புகளில் வேலை செய்வோருக்கு 2017 அக்டோபர் 11 தேதியிட்ட அரசாணை (2டி) எண் 62 அடிப்படை ஊதியத்தை நிர்ணயித்தது. தூய்மைப் பணியாளர் சங்கங்கள் “62ஆம் நம்பர் ஜி.ஓ.” என்று சொல்வது இதைத்தான். இதில் அச்சிட்டிருக்கும் தொகையை மட்டும் பார்த்துக் கணக்கிட்டால் குறைவாகவே வரும். சென்னை நகர நுகர்வோர் விலைக் குறியீட்டெண்ணை அடிப்படையாகக் கொண்டு ஆண்டுதோறும் ஏப்ரல் 1 முதல் மாறும் அகவிலைப்படியையும் சேர்த்தால்தான் அந்த ஆண்டுக்குரிய உண்மையான தொகை கிடைக்கும்.

இரண்டாவது, மாவட்ட ஆட்சியர் ஆண்டுதோறும் தம் செயல்முறைகள் (எழுத்துப்பூர்வ ஆணை) வழியாக நிர்ணயிக்கும் நாள்கூலி. பொதுப்பணித்துறையின் விலைவிகிதப் பட்டியலை ஒட்டி வரும் இந்தத் தொகையைத்தான் பல அலுவலகங்கள் பட்டியலில் ஏற்றுகின்றன. இது தொழிலாளர் துறை அறிவித்த தொகையைவிடக் குறைவாக இருந்தால், குறைந்த தொகையைக் கொடுக்க ஆட்சியரின் செயல்முறைகள் அனுமதி ஆகிவிடாது. குறைந்தபட்ச ஊதியத்துக்குக் கீழே கொடுக்க எந்த அலுவலருக்கும் அதிகாரம் இல்லை. தொழிலாளியே சம்மதித்துக் கையெழுத்திட்டிருந்தாலும் அந்தச் சம்மதம் செல்லாது.

மூன்றாவது, நிரந்தர ஊழியருக்குரிய ஊதிய நிலையின் தொடக்கத் தொகை. இது குறைந்தபட்ச ஊதியக் கோரிக்கை அன்று, சம வேலைக்குச் சம ஊதியக் கோரிக்கை. இதற்கு வழி வேறு, சான்றும் வேறு. அதைப் பின்னால் பார்ப்போம்.

ஒரு விஷயத்தை இடையில் சொல்லிவிடுகிறேன். நம் மாவட்டத்தில் கொத்தனாரோடு நிற்கும் கையாளுக்குக் கிடைக்கும் கூலி, அரசு அலுவலகத்தில் நாள்கூலிக்கு நிற்பவருக்குக் கிடைப்பதைவிடக் கூடுதல் என்பது எல்லோருக்கும் தெரியும். கேரளத்தின் கூலி நிலவரம் எல்லை தாண்டி இங்கே பாதிக்கிறது. ஆனால் “வெளியே இவ்வளவு கிடைக்கிறது” என்ற வாதத்தை மனுவில் எழுதாதீர்கள். சந்தைக் கூலி சட்டப்படி அளவுகோல் ஆகாது, எதிர்த்தரப்புக்கு “அப்படியானால் வெளியே போகலாமே” என்று சொல்ல ஒரு வாய்ப்பைக் கொடுத்ததாக மட்டுமே ஆகும்.

சான்று சேர்ப்பது

நாள்கூலிப் பணியாளரிடம் நியமன ஆணை இருக்காது. உச்சநீதிமன்றம் 2002ஆம் ஆண்டில் வனச்சரக அலுவலர் எதிர் ஹடிமனி வழக்கில், வேலை செய்த நாட்களை நிரூபிக்கும் பொறுப்பு தொழிலாளியைச் சேர்ந்தது என்றும், வெறும் வாக்குமூலம் போதாது என்றும் கூறியது. அதற்குப் பின் 2005இல் ஆர்.எம். எல்லட்டி வழக்கில், தினக்கூலிப் பணியாளரிடம் ஆவணம் இருக்காது என்பதை ஏற்றுக்கொண்ட நீதிமன்றம், அவர் சாட்சிக் கூண்டில் ஏறிச் சொல்ல வேண்டும், மஸ்டர் ரோலையும் ஊதியப் பதிவேட்டையும் தாக்கல் செய்யும்படி நிர்வாகத்தைக் கேட்க வேண்டும் என்று வழியைக் காட்டியது. இந்த இரண்டு தீர்ப்புகளையும் சேர்த்துப் படித்தால் செய்ய வேண்டியது விளங்கும்: உங்களிடம் இருப்பதைச் சேருங்கள், அவர்களிடம் இருப்பதை எழுத்துப்பூர்வமாகக் கேட்டுவிடுங்கள்.

உங்களிடம் இருக்கக்கூடியவை பல. வங்கிப் பாஸ்புக் வரவுகள், அடையாள அட்டை, சீருடை வாங்கியதற்கான கையெழுத்துத் தாள், வேலை ஒதுக்கி மேஸ்திரியோ சுகாதார ஆய்வாளரோ அனுப்பிய வாட்ஸ்அப் செய்தி, தேர்தல் பணிக்கோ முகாமுக்கோ அனுப்பிய சுற்றறிக்கையில் உங்கள் பெயர், வண்டி ஓட்டுநராக இருந்தால் வண்டிப் பதிவேட்டின் படம் ஆகியவை எல்லாமே உதவும். வாட்ஸ்அப் செய்தியைப் படம் பிடித்து வைத்தால் மட்டும் போதாது. உரையாடல் முழுவதையும் ஏற்றுமதி செய்து வேறொரு இடத்திலும் சேமியுங்கள், செய்தி வந்த கைபேசியையும் மாற்றாமல் வைத்திருங்கள்.

இதோடு ஒரு குறிப்பேடு வேண்டும். நூறு பக்க நோட்டு போதும். தேதி, வேலை தொடங்கிய நேரம், முடிந்த நேரம், இடம், வேலை கொடுத்தவர், அன்று உடன் இருந்தவர் ஆகிய ஆறு விவரங்களை அன்றன்றே எழுதுங்கள். வழக்குப் போடும் முன் ஒரே நாளில் ஒரே பேனாவால் எழுதி நிரப்பிய நோட்டை எதிர்த்தரப்பு வழக்கறிஞர் ஒரு பார்வையிலேயே கண்டுபிடித்துவிடுவார். ஒக்கி புயலும் 2021 நவம்பர் வெள்ளமும் போன்ற காலங்களில் வேலை எட்டு மணி நேரத்தில் முடிவதில்லை. அந்தக் கூடுதல் நேரத்துக்கு இருமடங்கு ஊதியம் கேட்கலாம் என்றாலும், எழுதி வைக்காத மணி நேரத்துக்கு எவரும் பணம் தரமாட்டார்கள்.

இரண்டு பழக்கங்கள் உங்கள் சான்றை அரித்துவிடும். ஒன்று, சில மாதங்களுக்கு ஒருமுறை இரண்டொரு நாள் “பிரேக்” கொடுத்துவிட்டு மறுபடி சேர்ப்பது. அந்த நாட்களையும் குறிப்பேட்டில் “வேண்டாம் என்று அனுப்பப்பட்டேன்” என்று, சொன்னவர் பெயரோடு எழுதி வையுங்கள். மற்றொன்று, உங்கள் உழைப்புக்கான பட்டியலை மனைவியின் பெயரிலோ வேறொருவர் பெயரிலோ போடுவது. அலுவலக வசதிக்காகச் செய்யப்படும் இந்த ஏற்பாட்டுக்கு ஒருபோதும் ஒப்புக்கொள்ளாதீர்கள். ஏற்கெனவே நடந்திருந்தால் மனுவில் அதை மறைக்காமல் சொல்லிவிடுங்கள். விசாரணையில் அது வெளிவந்தால் மற்ற உண்மைகளும் சந்தேகத்துக்கு உள்ளாகும்.

தகவல் உரிமை மனு

2005ஆம் ஆண்டு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 6(1) பிரிவின் கீழ், 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி, சம்பந்தப்பட்ட அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு மனு அனுப்புங்கள். 30 நாட்களுக்குள் பதில் வர வேண்டும். வராவிட்டாலோ பதில் திருப்தி தராவிட்டாலோ அதற்கடுத்த 30 நாட்களுக்குள் முதல் மேல்முறையீடு செய்யலாம். அதன்பின் 90 நாட்களுக்குள் சென்னையில் உள்ள மாநிலத் தகவல் ஆணையத்திடம் இரண்டாம் மேல்முறையீடு செய்யலாம்.

“ஏன் குறைவாகக் கொடுக்கிறீர்கள்” என்று கேட்டால் பதில் வராது. சட்டப்படி அது தகவல் அன்று, விளக்கம். ஆவணத்தின் நகலைக் கேளுங்கள். ஓர் எடுத்துக்காட்டு:

“நான் தங்கள் அலுவலகத்தில் தினக்கூலி அடிப்படையில் பணியாற்றி வருகிறேன். 1) கடந்த மூன்று நிதியாண்டுகளில் என் பெயர் இடம்பெற்ற மஸ்டர் ரோல் பக்கங்களின் சான்றளிக்கப்பட்ட நகல். 2) அக்காலத்தில் எனக்கு வழங்கப்பட்ட நாள்கூலி விகிதத்தை நிர்ணயித்த ஆட்சியரின் செயல்முறைகள் அல்லது வேறு ஆணையின் நகல், கோப்பு எண்ணுடன் (ந.க. எண்). 3) நான் செய்யும் பணியின் பெயரில் தங்கள் அலுவலகத்தில் ஒப்பளிக்கப்பட்ட நிரந்தரப் பணியிடங்களின் எண்ணிக்கை, நிரப்பப்பட்டவை, காலியானவை. 4) அப்பணியிடத்துக்குரிய ஊதிய நிலையும் பணிக் கடமைகளும் குறித்த ஆணையின் நகல்.”

ஏஜென்சிப் பணியாளர் ஐந்தாவதாக ஒன்றைச் சேர்க்க வேண்டும்: ஒப்பந்ததாரருடன் செய்துகொண்ட உடன்படிக்கை, அவர் சமர்ப்பித்த மாதாந்திரப் பட்டியல், வருங்கால வைப்பு நிதிச் செலுத்துச் சீட்டு ஆகியவற்றின் நகல்கள். அலுவலகம் ஓர் ஆளுக்கு ஒரு நாளைக்கு எவ்வளவு விடுவிக்கிறது, அதில் கைக்கு வருவது எவ்வளவு என்பது அப்போது தெரிந்துவிடும். பல நேரங்களில் மொத்த வழக்கும் இந்த ஒரு தாளிலேயே அடங்கிவிடுகிறது. நிதிக்கான பிடித்தம் உங்கள் கூலியில் நடந்திருந்தும் கணக்கில் ஏறவில்லை என்றால், அது தனிப் புகாராக நாகர்கோவில் வருங்கால வைப்பு நிதி அலுவலகத்துக்குப் போக வேண்டும். அதையும் இந்த மனுவில் திணிக்க வேண்டாம்.

கணக்குப் போடுவது

மனுவுடன் கணக்குத்தாள் இல்லையென்றால் அது வெறும் விண்ணப்பமாகவே மதிக்கப்படும். மாதம், வேலை நாட்கள், கொடுத்த தொகை, கொடுத்திருக்க வேண்டிய தொகை, வித்தியாசம் என்று ஐந்து பத்திகள் போட்டு மாதவாரியாக எழுதுங்கள். அகவிலைப்படி மாறும் ஏப்ரல் மாதத்தில் விகிதத்தை மாற்ற மறக்காதீர்கள்.

சம ஊதியக் கோரிக்கையில் கணக்கு எப்படி மாறும் என்பதற்கு ஓர் எடுத்துக்காட்டு. தமிழ்நாடு அரசின் ஊதிய நிலை 1இன் தொடக்கத் தொகை 15,700 ரூபாய். 2025 ஜனவரி நிலவரப்படி அகவிலைப்படி 55 விழுக்காடு, அதாவது 8,635 ரூபாய். இரண்டும் சேர்ந்து 24,335. ஒருவருக்கு நாளொன்றுக்கு 520 ரூபாய் வீதம் 26 நாட்களுக்கு 13,520 ரூபாய் கொடுக்கப்பட்டதாகக் கொள்வோம். 24,335ஐ முப்பதால் வகுத்து 26 நாட்களால் பெருக்கினால் ஏறத்தாழ 21,090 வரும், வித்தியாசம் 7,570. ஆனால் ஆறு நாள் வேலைக்கு ஒரு நாள் ஊதியத்துடன் கூடிய வார விடுமுறை உண்டு என்ற அடிப்படையில் முழு மாதத்துக்கும் கேட்டால் வித்தியாசம் 10,815 ஆகும். மாதத்துக்கு ஏறத்தாழ 3,245 ரூபாய் என்ற இந்த இடைவெளி, முப்பதால் வகுப்பதா, 26ஆல் வகுப்பதா என்ற ஒரே கேள்வியில் தொங்குகிறது. மத்திய அரசுத் துறைகளில் 1988 ஜூன் 7 தேதியிட்ட பணியாளர் துறைக் குறிப்பாணை, நிரந்தர ஊழியரின் அதே தன்மையுள்ள வேலையைச் செய்யும் தற்காலிகப் பணியாளருக்கு எட்டு மணி நேர வேலைக்கு, உரிய ஊதிய விகிதத்தின் குறைந்தபட்சத்தோடு அகவிலைப்படியும் சேர்த்து அதில் முப்பதில் ஒரு பங்கு தர வேண்டும் என்று சொல்கிறது. வார விடுமுறைக்கும் அதில் இடமுண்டு.

முறையீடு எழுதுவது

முறையீட்டை நேரடி மேலதிகாரிக்கும் துறைத் தலைவருக்கும் அனுப்ப வேண்டும். ஒரு பக்கத்துக்கு மேல் போகாமல், கணக்குத்தாளை இணைப்பாக வையுங்கள். ஏறத்தாழ இப்படி எழுதலாம்:

“அய்யா, நான் தங்கள் கோட்டத்தில் 2019 ஜூன் முதல் தினக்கூலி அடிப்படையில் பணியாற்றி வருகிறேன். இணைப்பு 1இல் கண்ட காலத்தில் எனக்கு வழங்கப்பட்ட நாள்கூலி, அரசு நிர்ணயித்த குறைந்தபட்ச ஊதியத்தைவிடக் குறைவாக உள்ளது. வித்தியாசத் தொகை இணைப்பு 2இல் மாதவாரியாகக் கணக்கிடப்பட்டுள்ளது. இத்தொகையை வழங்கவும், இனிவரும் மாதங்களில் உரிய விகிதத்தில் ஊதியம் வழங்கவும் 30 நாட்களுக்குள் எழுத்துப்பூர்வமான ஆணை பிறப்பிக்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.”

நேரில் கொடுத்தால், அலுவலகத்துக்கு வரும் மனுக்களைப் பதியும் தன்பதிவேட்டில் பதிந்த எண்ணையும் தேதி முத்திரையையும் நகலில் வாங்காமல் திரும்பாதீர்கள். தர மறுத்தால் சேர்ந்ததற்கான சான்றோடு விரைவுத் தபாலில் அனுப்புங்கள். திங்கள்கிழமை நாகர்கோவில் ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் மக்கள் குறைதீர்க்கும் கூட்டத்திலும் ஒரு படி கொடுக்கலாம். அங்கே கிடைக்கும் ஒப்புகைச் சீட்டு, அலுவலகத்துக்கு விஷயம் தெரியும் என்பதற்குச் சான்று. மற்றபடி அந்த மனு பெரும்பாலும் நீங்கள் புகார் சொன்ன அதே அலுவலகத்துக்கே அறிக்கை கேட்டு அனுப்பப்படும் என்பதால், அதையே முழுமையாக நம்பியிருக்க வேண்டாம். 1100 என்ற முதல்வரின் உதவி எண்ணில் பதியும் புகாருக்கும் இதே கதைதான்.

இன்னொரு எச்சரிக்கையும் உண்டு. பதில் வராததால் ஆறு மாதத்துக்கு ஒருமுறை நினைவூட்டு அனுப்பிக்கொண்டே இருந்தால் காலவரம்பு நீளும் என்று பலர் நினைக்கிறார்கள், அப்படி நீளாது. 2008இல் சி. ஜேக்கப் வழக்கில் உச்சநீதிமன்றம், திரும்பத் திரும்ப முறையிடுவதால் காலாவதியான கோரிக்கை உயிர்பெறாது என்று சொல்லிவிட்டது. இரண்டு முறையீடுகளுக்குப் பதில் இல்லையென்றால் அடுத்த கட்டத்துக்குப் போய்விடுங்கள்.

தொழிலாளர் துறை வழி

குறைந்தபட்ச ஊதியத்துக்குக் கீழே கொடுத்தார்கள் என்பது மட்டுமே உங்கள் குறை என்றால் இதுவே குறுகிய வழி. 1948ஆம் ஆண்டு குறைந்தபட்ச ஊதியச் சட்டத்தில் இதற்கு 20ஆம் பிரிவு இருந்தது. அதன் கீழ் ஆறு மாதங்களுக்குள் மனுச் செய்ய வேண்டும். 2025 நவம்பர் 21 முதல் அந்தச் சட்டத்தின் இடத்தில் 2019ஆம் ஆண்டு ஊதியச் சட்டத்தொகுப்பு நடைமுறைக்கு வந்தது. அதன் 45ஆம் பிரிவு காலவரம்பை மூன்று ஆண்டுகளாக நீட்டியிருக்கிறது. பணியாளரே மனுச் செய்யலாம், அவர் உறுப்பினராக உள்ள பதிவுபெற்ற தொழிற்சங்கமும் அவருக்காகச் செய்யலாம். விசாரிக்கும் அதிகாரி வித்தியாசத் தொகையோடு அதன் பத்து மடங்கு வரை இழப்பீடும் விதிக்க முடியும். ஆணையை ஏற்காதவர் 90 நாட்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம். ஊதியம் முறையாகக் கொடுக்கப்பட்டது என்று நிரூபிக்கும் சுமையை 59ஆம் பிரிவு வேலையளிப்பவர் மீது வைக்கிறது என்பது முக்கியமான மாற்றம்.

2025 நவம்பருக்கு முந்தைய மாதங்களுக்கு எந்தக் காலவரம்பு பொருந்தும் என்று எதிர்த்தரப்பு நிச்சயம் கேட்கும். அதற்கு இடங்கொடுக்காமல், முந்தைய காலத்துக்கும் சேர்த்துக் கேட்பவர்கள் தாமதத்தை மன்னிக்கக் கோரும் தனி மனுவையும் அதோடு தாக்கல் செய்ய வேண்டும். வேலை போய்விடுமோ என்ற அச்சம், தகவல் உரிமைப் பதில் வரத் தாமதமானது, உடல்நலக் குறைவு ஆகியவற்றில் உண்மையாக நேர்ந்ததைத் தேதிகளுடன் எழுதுங்கள். நாகர்கோவிலில் உள்ள தொழிலாளர் உதவி ஆணையர் (அமலாக்கம்) அலுவலகத்தில், இந்த மனுவை விசாரிக்கும் அதிகாரி யார், அவர் எங்கே அமர்கிறார் என்று கேட்டறிந்து அதன்படி முகவரி எழுதுங்கள்.

“நிதி ஒதுக்கீடு வரவில்லை”, “தணிக்கைத் தடை வரும்” என்ற இரண்டு பதில்களும் எல்லா அலுவலகத்திலும் கிடைக்கும். கேரளத்தின் ஓட்டுத் தொழிலைப் பற்றி 1961இல் உச்சநீதிமன்றம் உன்னிச்சோயி வழக்கில் தீர்ப்பளித்தபோது, குறைந்தபட்ச ஊதியத்தை நிர்ணயிப்பதில் முதலாளியின் கொடுக்கும் சக்தி பொருட்டன்று என்று கூறியது. 1982இல் ஆசிய விளையாட்டுக் கட்டுமானத் தொழிலாளர் வழக்கில், குறைந்தபட்ச ஊதியத்துக்குக் கீழே வேலை வாங்குவது அரசமைப்பின் 23ஆம் பிரிவு தடைசெய்யும் கட்டாய உழைப்பு என்றே கூறியது. அங்கேயும் வேலை வாங்கியது அரசு அமைப்புகள்தாம். இந்த இரண்டையும் மனுவில் ஒரு பத்தியாகச் சேர்த்தால் போதும், மேற்கோள்களை அடுக்க வேண்டியதில்லை.

சம வேலைக்குச் சம ஊதியம்: மதுரைக் கிளை

இந்தக் கோரிக்கைக்குத் தொழிலாளர் துறையில் இடமில்லை. மாநில அரசுத் துறைக்கோ உள்ளாட்சிக்கோ எதிராக என்றால், 2004 ஜூலையிலிருந்து இயங்கும் சென்னை உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில், அரசமைப்பின் 226ஆம் பிரிவின் கீழ் ரிட் மனுவாகவே போக வேண்டும். மத்திய அரசுத் துறைப் பணியாளருக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்.

இதற்கு அடித்தளம் 2016 அக்டோபர் 26இல் பஞ்சாப் மாநிலம் எதிர் ஜக்ஜித் சிங் வழக்கில் வந்த உச்சநீதிமன்றத் தீர்ப்பு. நிரந்தரப் பணியிடத்தின் அதே கடமைகளைச் செய்யும் தற்காலிகப் பணியாளர், தினக்கூலியாக இருந்தாலும், அப்பணிக்குரிய ஊதிய விகிதத்தின் குறைந்தபட்சத்தைப் பெற உரியவர் என்று நீதிமன்றம் கூறியது. ஆண்டு ஊதிய உயர்வோ பிற படிகளோ அதனால் தானாக வந்துவிடாது. வேலை ஒன்றே என்பதை நிரூபிக்கும் பொறுப்பும் மனுதாரரையே சேரும். ஆகவே “நானும் அதே வேலையைத்தான் செய்கிறேன்” என்ற வாக்கியத்துக்கு மதிப்பில்லை. குறிப்பிட்ட ஒரு நிரந்தரப் பணியிடத்தைக் காட்டி, அதன் கடமைப் பட்டியலையும் உங்கள் குறிப்பேட்டையும் வரிசைக்கு வரிசை ஒப்பிட்டுக் காட்ட வேண்டும். தகவல் உரிமை மனுவின் மூன்றாம், நான்காம் கேள்விகள் இதற்காகத்தான். ஏஜென்சி வழியாக வந்தவருக்கு இந்த வழி மிகவும் கடினம். அவர் குறைந்தபட்ச ஊதியத்தையும் முதன்மை வேலையளிப்பவரின் பொறுப்பையும் பற்றிக்கொள்வதே நல்லது.

நிலுவைத் தொகை எவ்வளவு காலத்துக்குக் கிடைக்கும் என்பதிலும் தெளிவு வேண்டும். 2008இல் தர்சேம் சிங் வழக்கில் உச்சநீதிமன்றம் வகுத்த நெறிப்படி, தொடர்ந்து நிகழும் தவறாக இருந்தாலும் நிலுவை பொதுவாக மனுத் தாக்கலுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளோடு நின்றுவிடும். பத்தாண்டு காத்திருந்தவருக்கும் மூன்றாண்டுத் தொகைதான்.

உயர்நீதிமன்றத்தில் அடிக்கடி கிடைக்கும் ஆணை ஒன்றைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். “மனுதாரரின் முறையீட்டைப் பரிசீலித்து இத்தனை வாரங்களுக்குள் தகுந்த ஆணை பிறப்பிக்க வேண்டும்” என்பதே அது. இதைப் பெற்றதும் வழக்கு வென்றதாக இனிப்பு கொடுத்தவர்கள் உண்டு. அது வெற்றி அன்று. அலுவலர் பரிசீலித்து “ஏற்பதற்கில்லை” என்று எழுதினாலும் நீதிமன்ற ஆணை நிறைவேறிவிட்டதாகவே ஆகும். அந்த நிராகரிப்பு ஆணையை எதிர்த்து மறுபடியும் ரிட் போட வேண்டியிருக்கும். கையில் கணக்கும் ஆவணமும் இருக்கும்போது, பரிசீலனை ஆணையை மட்டும் கேட்காமல் தொகையையே கேட்டு மனுத் தயாரிக்கும்படி வழக்கறிஞரிடம் சொல்லுங்கள்.

வழக்கறிஞர் செலவுக்கு அஞ்ச வேண்டாம். 1987ஆம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆம் பிரிவுப்படி பெண்களுக்கும், பட்டியலினத்தவர் மற்றும் பழங்குடியினருக்கும், தொழிற்சாலைத் தொழிலாளருக்கும் வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. நாகர்கோவில் நீதிமன்ற வளாகத்தில் உள்ள மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவிடம் நேரிலோ 15100 என்ற எண்ணிலோ கேட்கலாம்.

நிரந்தரம் பற்றி

உச்சநீதிமன்றத்தின் 2006 ஏப்ரல் 10 உமாதேவி தீர்ப்பு, பின்வாசல் வழி வந்தவருக்கு நிரந்தரம் உரிமை அன்று என்றது. தமிழ்நாட்டில் 2006 பிப்ரவரி 28 தேதியிட்ட அரசாணை (நிலை) எண் 22, 2006 ஜனவரி 1இல் பத்தாண்டு முடித்த முழுநேரத் தினக்கூலியரை மட்டுமே உள்ளடக்கியது. 2024 டிசம்பரில் வந்த ஜக்கோ தீர்ப்பு, நீண்டகாலம் தொடர்ந்து உழைத்தவர்களை மறுக்க உமாதேவியை ஆயுதமாக்கக் கூடாது என்று சொன்னதால் இப்போது கதவு சற்றுத் திறந்திருக்கிறது. அதைத் தட்ட விரும்புவோர் தனி மனுவாகத் தட்டட்டும்.

“நாளை முதல் வர வேண்டாம்”

ஊதியம் கேட்டவர்களுக்கு இந்தச் சொல் வரக்கூடும். தனி ஆளாக அல்லாமல் சங்கத்தின் வழியாகவோ, குறைந்தது பலர் சேர்ந்தோ மனுச் செய்வது இதற்காகவும்தான். சொல்லிவிட்டால், மறுநாளும் வழக்கமான நேரத்தில் வேலையிடத்துக்குப் போங்கள். வேலை மறுக்கப்பட்டதை அன்றே எழுத்தில் அலுவலகத்துக்கு அனுப்புங்கள். வீட்டில் இருந்துவிட்டால் “அவரே வரவில்லை” என்று பதிவேட்டில் ஏறிவிடும். அதன்பின் காலந்தாழ்த்தாமல் தொழிலாளர் அலுவலரிடம் தொழிற்தகராறு எழுப்புங்கள். ஊதிய மனு நிலுவையில் இருந்த தேதியும் நிறுத்தப்பட்ட தேதியும் அருகருகே இருப்பதே அங்கே உங்களுக்கு வலுவான வாதம்.

ஆணை வந்த பிறகு

சான்றளிக்கப்பட்ட நகலை உடனே வாங்கி, உங்கள் கணக்குத்தாளோடு சேர்த்து அலுவலகத்துக்கு அனுப்புங்கள். நீதிமன்றம் கொடுத்த கெடுவுக்குள் நிறைவேற்றாவிட்டால் நீதிமன்ற அவமதிப்பு மனுவை ஓராண்டுக்குள் தாக்கல் செய்ய வேண்டும். “பைல் சென்னையில் இருக்கிறது” என்ற பதிலைக் கேட்டுக்கொண்டே அந்த ஓராண்டைக் கடத்திவிடுவோர் ஏராளம். தொகை வரும்போது அலுவலகம் போட்ட கணக்கைக் கேட்டு வாங்கி, எந்த மாதத்துக்கு எந்த விகிதம், எதனால் வகுத்தார்கள், வார விடுமுறை சேர்ந்ததா என்று ஒப்பிட்டுப் பாருங்கள். குறைவாக இருந்தால் பற்றுச்சீட்டில் “முழுமையாகப் பெற்றுக்கொண்டேன்” என்று எழுதித் தர வேண்டாம். “எதிர்ப்புடன், பகுதித் தொகையாகப் பெற்றுக்கொண்டேன்” என்று எழுதிக் கையெழுத்திட்டு, அந்தச் சீட்டின் நகலையும் வாங்கிக்கொள்ளுங்கள்.